தயாளினியும் அவள் மாமனாரும் நடித்த படங்கள்

புத்தூர் தயாளினி படத்தில் சிரித்ததை முதலில் பார்த்தவர்கள் பிரான்சுக்காரர்கள்தான். அதுவரைக்கும் அவளுடைய சிரிப்பைக் கேட்க வேண்டுமென்றால் கொடிகாமம் சந்தைக்குத்தான் போகவேண்டும்.

போனவர்களுக்குத் தெரியும். கத்தரிக்காய்க் குவியலுக்குப் பின்னால் இருந்து அவள் சிரித்தால், தெருவில் பஸ்ஸுக்கு நிற்கிறவன் திரும்பிப் பார்ப்பான். புருசன் பிரகலாதன் விடியற்காலையில் மரக்கறி மூட்டைகளோடு அவளையும் லான்ட்மாஸ்ரர் உழவு மெசின் பெட்டியில் ஏற்றி வந்து சந்தையில் இறக்கிவிடுவான். பிறகு வெயில் ஏறும்வரைக்கும் அங்கே முதல் வியாபாரம் அந்தச் சிரிப்புத்தான். மரக்கறி அதற்குப் பிறகு.

படத்தில் அப்படியா? படத்தில் அவளுக்கு ஒரே வேலை. அழவேண்டும். புருசனைப் பறிகொடுத்த மனிசியாக அழுதாள். அண்ணனைப் பறிகொடுத்த தங்கச்சியாக அழுதாள். மகளை வெளிநாட்டுக்கு ஏற்றிவிட்டு வாசலில் நின்று அழுதாள். யாழ்ப்பாணத்துப் பெடியள் குறும்படம் எடுத்தால் அதில் ஓர் அம்மா இருப்பாள், அம்மா இருந்தால் அழுவாள், அழுகிறதென்றால் தயாளினிதான். எத்தனை படம் என்று கேட்கவேண்டாம். நடித்தவளே எண்ணவில்லை, பிறகென்ன.

இதையெல்லாம் தொடக்கி வைத்தவன் கோபிசங்கர். கலியாண வீடுகளுக்கு வீடியோ எடுக்கிறவன், மெலிந்த உடம்பு, படம் எடுக்கிற ஆசை மட்டும் மலை போல. ஒரு நாள் அவனுடைய படத்துக்கு அம்மாவாக நடிக்க வேண்டியவள் வரவில்லை. கமராவைத் தோளில் போட்டுக்கொண்டு சந்தைக்குள் முழிசிக்கொண்டு நின்றவன், தயாளினியைப் பிடித்தான்.

"அக்கா, ஒரு அஞ்சு நிமிசம் அழுவியளோ?"

"ஏன் தம்பி, என்ன நடந்தது?"

"ஒண்டும் நடக்கேல்லை அக்கா. படத்துக்கு."

கண்ணில் விடுகிற மருந்தோடு வந்தான். அவள் வேண்டாமென்று விட்டாள். கொஞ்ச நேரம் நிலத்தைப் பார்த்தாள். பொலபொலவென்று கண்ணீர் கொட்டியது. கமராவுக்குப் பின்னால் நின்ற கோபிசங்கரும் சேர்ந்து அழுதான்.

அவள் என்னத்தை நினைத்து அழுதாள் என்று பிறகு ஆளாளுக்குக் கதைத்தார்கள். பேப்பரில் ஒருவர், தாய்மையின் ஆழ்கடல் அந்தக் கண்களில் தெரிகிறது என்றுகூட எழுதினார். அந்த ஆழ்கடல் முழுக்க மிதந்தது சின்ன வெங்காயம். ஒரு மாரியில் வெள்ளம் நின்று, தோட்டத்தில் போட்ட வெங்காயம் அப்படியே கிடந்து அழுகிப் போயிற்று. அந்த மணத்தை நினைத்தால் போதும் அவளுக்கு. எந்தப் படத்திலும் யார் செத்தாலும் அவள் அந்த வெங்காயத்துக்குத்தான் அழுதாள். இதில் ஒரு குறையும் இல்லை. தோட்டம் செய்கிறவளுக்கு அதைவிடப் பெரிய துக்கம் வேறென்ன?

படம் வெளிவந்த பிறகு சந்தைக்கு வருகிறவர்கள் சும்மா இருப்பார்களா?

"அக்கா, நேற்று போனிலை உங்களைப் பாத்து நான் அழுத அழுகையிலை சோறு அடிப்பிடிச்சுப் போச்சு."

"சோறு அடிப்பிடிச்சதுக்கும் நானோ பொறுப்பு? இந்தா, ஒரு பிடி கீரை சும்மா கொண்டு போ. இனி என்ரை படம் பாக்கிறதெண்டால் அடுப்பை அணைச்சுப்போட்டுப் பார்."

சொல்லிவிட்டுச் சிரிப்பாள். கோபிசங்கர் அதையும் பார்த்திருக்கிறான், ஆனால் அவனுக்குக் கண்ணீர்தான் கண்ணில் படும். ஒவ்வொரு படத்திலும் அவள் கேட்பாள்: "தம்பி, இதிலை ஒருக்காச் சிரிக்கட்டோ?" அவன் கும்பிடுவான்: "அக்கா, உங்கடை கண்ணீர்தான் எங்கடை படம்." அவளும் விட்டுவிடுவாள். ஆனால் மனதுக்குள் அந்த ஆசை இருந்துகொண்டே இருந்தது. ஒரு தரம், ஒரேயொரு தரம், படத்தில் வாய்விட்டுச் சிரிக்கவேண்டும்.

இன்னொரு விசயத்தில் மட்டும் அவள் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. அதைச் சொல்லாமல் இந்தக் கதை நகராது.

முதல் படத்திலேயே நடந்தது. செத்துப்போன புருசனின் போட்டோ என்று ஒன்றைக் கொண்டுவந்து சுவரில் மாட்டினார்கள். மாலை போட்டு, சந்தனப் பொட்டும் வைத்து, முன்னால் விளக்கும் ஏற்றியாயிற்று. தயாளினி கேட்டாள், "உது ஆற்றை போட்டோ?" கோபிசங்கரின் கூட்டாளியாம். கனடாவில் இருக்கிறானாம். சுகமாக இருக்கிறானாம்.

அவ்வளவுதான். எழும்பிவிட்டாள்.

"உயிரோடை இருக்கிற பிள்ளைக்கு மாலை போட்டு விளக்கேத்துறியளோ? உங்களுக்கென்ன விசரோ? அவனைப் பெத்தவள் இதைக் கண்டால் தாங்குவாளோ? நான் இதுக்கு முன்னாலை இருந்து அழமாட்டன்."

"அக்கா, சும்மா நடிப்புத்தானே."

"நான் நடிப்பன். மாலைக்கு நடிக்கத் தெரியுமோ?"

அவள் சொன்னால் சொன்னதுதான். உண்மையாகச் செத்தவர் ஒருவருடைய போட்டோதான் வேண்டும், அதுவும் அந்த வீட்டுக்காரர் மனமொத்துத் தரவேண்டும். எங்கே போவது? அவளே பிரகலாதனுக்குப் போன் எடுத்தாள். அவன் வீட்டு விறாந்தையில் தொங்கிய தன் தகப்பனைக் கழற்றி, துவாயில் சுற்றி, மோட்டார்ச் சைக்கிளில் கொண்டுவந்து கொடுத்தான்.

அவர்தான் பரமலிங்கத்தார். உயிரோடு இருந்தபோது ஊரெல்லாம் கேட்கத்தக்கதாக ஏசுகிற மனிதர். கோயில் திருவிழா நாடகத்தில் நடிக்கப் புது மருமகள் தயாளினியைக் கேட்டு வந்தவர்களை வாசல் படலையோடு திருப்பி அனுப்பியவர். "கூத்தாடப் போறவளுக்கு இந்த வீட்டிலை சோறில்லை" என்று அன்றைக்குச் சொன்னார். இப்போது பாருங்கள், மருமகள் நடித்த படம் ஒன்று விடாமல் எல்லாவற்றிலும் அவர் இருக்கிறார். ஒன்றில் அவளுக்குப் புருசன், இன்னொன்றில் தமையன். தலைமை வாத்தியாராகவும் செத்திருக்கிறார், தபால்காரனாகவும் செத்திருக்கிறார். எல்லாவற்றிலும் அதே முறைப்பு.

அவருடைய மனிசி கனகாம்பிகை, தயாளினியின் மாமி, அதற்குப் பிறகு ஒரு படம் தவறவிட்டதில்லை. மருமகள் அழுகிறதைப் பார்க்க அல்ல.

"இதிலை அவருக்கு என்ன வேசம், பிள்ளை?"

"சங்கக்கடை மனேச்சர், மாமி."

"நல்லாத்தான் பொருந்தியிருக்கு. ஆனா மாலை சின்னனாக் கிடக்கு. கோபியிட்டைச் சொல்லு, அடுத்த முறை பெரிசா வாங்கச் சொல்லி."

இப்படி மாமனாரும் மருமகளும் உள்ளூர்ப் படங்களில் ஓடிக்கொண்டிருந்த காலத்தில்தான் அந்தப் பிரான்சுக்காரி வந்தாள். மரியான் என்று பெயர். கட்டையாக வெட்டிய தலைமயிர், காலில் செருப்பில்லாமல் நடக்க விருப்பம், பெரிய படங்கள் எடுத்தவள். அவளோடு பாரிசில் வளர்ந்த யாழ்ப்பாணத்துப் பிள்ளை தனுஷா மொழிபெயர்க்க வந்திருந்தாள். கோபிசங்கர் உள்ளூர் உதவிக்குச் சேர்ந்திருந்தான். அவன்தான் தயாளினியின் அழுகைகளைப் போனில் காட்டியவன்.

தனுஷா சந்தைக்கே வந்து, வாழைக்குலைகளுக்கு நடுவில் ஒரு பெட்டியில் குந்தியிருந்து கதையைச் சொன்னாள். மகனைப் பறிகொடுத்த ஓர் அம்மா. மகன் இருந்த ஊரைப் பார்க்கவென்று பாரிசுக்குப் போகிறாள்.

"பாதிப் படம் அழுகிறதுதான் அன்ரி. பிறகு பாரிசிலை, அந்த எஸ்கலேட்டர், தானா ஓடுற படி இருக்கெல்லோ, அதிலை முதன்முதல் ஏறேக்கை அவ சிரிக்கிறா. வயிறு நோகச் சிரிக்கிறா. அதோடை படம் முடியுது."

தயாளினி தராசைக் கீழே வைத்தாள்.

"என்ன சொன்னனீ, பிள்ளை? சிரிக்கிறாவோ?"

"ஓம் அன்ரி. அதுதான் படத்திலை முக்கியமான இடம்."

அன்றைக்கு அவள் கத்தரிக்காய் நிறுக்க வேண்டிய இடத்தில் பூசணிக்காய் நிறுத்தாள் என்று பக்கத்துக் கடைக்காரி சொல்லுவாள். சொல்லட்டும். ஆனால் அந்த வேசம் இன்னும் அவள் கைக்கு வரவில்லை. கொழும்பில் இன்னொரு நடிகையும் இருந்தாள், பெயரெடுத்தவள். இருவரையும் ஒவ்வொரு நாள் நடிக்க வைத்துப் பார்த்துத்தான் மரியான் முடிவு சொல்லுவாளாம். முதல் நாள் தயாளினிக்கு.

அளவெட்டியில் ஒரு பழைய கல்வீட்டை அதற்கென்று எடுத்திருந்தார்கள். அது நாதஸ்வரக்காரருக்குப் பெயர்போன ஊர், சொல்லத் தேவையில்லை. பக்கத்து வீட்டில் ஒருவர் நாதஸ்வரம் பழகிக்கொண்டிருந்தார். இங்கே கமரா ஓடத் தொடங்கினால் அங்கே அவர் தொடங்குவார். இங்கே நிறுத்தினால் அவரும் மூச்செடுப்பார். போய்ச் சொல்ல யாருக்கும் மனம் வரவில்லை, அவ்வளவு நன்றாக வாசித்தார். காலை நேரம் அதிலேயே போயிற்று. மரியான் மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

ஒருவழியாக அவர் சாப்பிடப் போனார். "வாங்கோ அன்ரி, மகன்ரை போட்டோவுக்கு முன்னாலை இருந்து அழவேணும்" என்று தனுஷா அறைக்குள் கூட்டிக்கொண்டு போனாள்.

தயாளினி நிமிர்ந்து பார்த்தாள். சுவரில் மாலையும் பொட்டுமாகக் கோபிசங்கர் தொங்கிக்கொண்டிருந்தான். கதவடியில் அதே கோபிசங்கர் பணிஸ் சாப்பிட்டுக்கொண்டு நின்றான்.

"டேய்!"

பணிஸ் தொண்டையில் இறுகியது. "அக்கா, கோவிக்காதேங்கோ. மாமாவின்ரை போட்டோ வயசாப்போச்சு, மகனுக்குச் சரிவராது. இளம் போட்டோ ஒண்டும் கிடைக்கேல்லை. அதுதான் என்ரையை..."

"உன்னைப் பெத்த கொம்மாவுக்குத் தெரியுமோ?"

அவன் மிச்சப் பணிஸை முதுகுக்குப் பின்னால் ஒளித்தான்.

தயாளினி கதிரையை இழுத்துப்போட்டு ஏறி, மாலையை எடுத்தாள். முந்தானையால் பொட்டை அழுத்தித் துடைத்தாள். திரியை இழுத்து விளக்கையும் நூர்த்துவிட்டாள். மரியானுக்கு ஒன்றும் விளங்கவில்லை. இது வெறும் கடதாசி என்று தனுஷா மூலம் சொன்னாள். நேரம் போகிறது என்றாள். இன்றைக்கு இது முடியாவிட்டால் நாளைக்கு மற்ற நடிகை வந்துவிடுவாள் என்றும் சொன்னாள்.

"வரட்டும்" என்றாள் தயாளினி. ஓடுகிற படி அவள் கண்ணுக்கு முன்னாலேயே ஓடிப் போய்க்கொண்டிருந்தது. என்றாலும் அவள் இறங்கிவரவில்லை. "அவவும் ஒரு பிள்ளையைப் பெத்தவ எண்டால் இதுக்கு முன்னாலை இருந்து அழமாட்டா. எனக்கு வேசம் வேண்டாமெண்டு நான் சொல்லேல்லை, பிள்ளை. நல்லாச் சொல்லு அவவுக்கு. எனக்கு வேணும். ஆனா இவனைச் சாக்காட்டிப்போட்டு எனக்கு வேண்டாம்."

தனுஷா அதைச் சொன்னாளோ, எப்படிச் சொன்னாளோ. தயாளினி அதற்குள் குசினிக்குப் போய்விட்டாள். உப்பும் ஒரு கைநிறையச் செத்தல் மிளகாயும் அள்ளிக்கொண்டு வந்தாள். அது சும்மா கண்ணூறுக்குப் போடுகிற அளவில்லை. மாலை விழுந்த கழுத்தல்லவா? கோபிசங்கரைக் கிழக்குப் பார்க்க நிற்க வைத்து, தலையைச் சுற்றி, "துப்படா" என்றாள். அவன் துப்பினான். பணிஸும் கொஞ்சம் சேர்ந்து வந்தது. எல்லாவற்றையும் கொண்டுபோய்ச் சிரட்டை நெருப்பில் கொட்டினாள்.

மிளகாய் நெடி என்றால் அப்படியொரு நெடி. கமராக்காரன் கமராவைக் கட்டிப்பிடித்துக்கொண்டு இருமினான். ஒலி பிடிக்கிறவன் முற்றத்துக்குப் பாய்ந்தான். தனுஷா துவாய்க்குள் முகத்தைப் புதைத்தாள். மரியானின் வெள்ளை முகம் தக்காளிப் பழமாகி, இரண்டு கண்ணாலும் கண்ணீர் ஓடியது. கோபிசங்கரும் தேம்பினான்.

தயாளினி சுற்றிப் பார்த்தாள். அந்த வீட்டில் எல்லோரும் அழுகிறார்கள். அழ வந்தவள் மட்டும் அழவில்லை. அடுப்படியில் பிறந்து வளர்ந்த கண்ணுக்கு மிளகாய் என்ன செய்யும்? அவளுக்குச் சிரிப்பு வந்தது. முதலில் வாயைப் பொத்தினாள். பிறகு முடியவில்லை. தூணைப் பிடித்துக்கொண்டு, கொடிகாமத்தில் சிரிக்கிற அந்தச் சிரிப்பை அளவெட்டியில் சிரித்தாள்.

மரியான் கண்ணீருக்குள்ளால் அவளைப் பார்த்தபடி ஏதோ கேட்டாள்.

"அன்ரி," தனுஷா இருமி இருமிச் சொன்னாள், "இந்தச் சிரிப்பை ஏன் இவ்வளவு காலமும் ஒளிச்சு வைச்சனீங்கள் எண்டு கேக்கிறா."

"நான் எங்கை ஒளிச்சனான்? உவன்தான் விடேல்லை. உவனைக் கேக்கச் சொல்லு."

மரியான் சிரித்தாள். ஆனால் அவளும் தன்பாட்டில் பிடிவாதக்காரிதான். மகனுடைய போட்டோ இல்லாமல் இந்தக் கதை இல்லை என்றாள். மற்ற நடிகையை நாளை மத்தியானத்துக்கு வரச் சொல்கிறேன், நாளைக் காலையில் போட்டோவோடு வந்தால் உனக்கு இன்னொரு தரம் தருகிறேன் என்றாள். இளம் பெடியனாக இருக்கவேண்டும், செத்தவனாகவும் இருக்கவேண்டும்.

எங்கள் ஊர்களில் அப்படியான போட்டோ தொங்குகிற வீடுகளுக்குக் குறைவில்லை. தயாளினிக்கே எத்தனையோ வீடு தெரியும். ஆனால் அந்தத் தாய்மாரிடம் போய், படத்துக்கு வேண்டும், பிள்ளையைக் கழற்றித் தாருங்கள் என்று கேட்க அவளுக்கு வாய் வராது. கேட்கவும் கூடாது. லான்ட்மாஸ்ரர் பெட்டியில் குந்தியிருந்து பேசாமல் வீட்டுக்கு வந்தாள். பிரகலாதன் இரண்டு தரம் திரும்பிப் பார்த்தான். மனிசி பேசாமல் வந்தால் அவனுக்கு எஞ்சின் சத்தம் அதிகமாகக் கேட்கும்.

வீட்டில் கனகாம்பிகை மாமி வெற்றிலை இடித்துக்கொண்டிருந்தார். நடந்ததைக் கேட்டார். கடைசியில், "போட்டோவிலை ஆள் எவ்வளவு இளமையா இருக்கோணும்?" என்றார்.

"கலியாணம் கட்டாத பெடியன் மாதிரி, மாமி."

மாமி எழும்பிப் போய் அலுமாரியைத் திறந்தார். கூறைச் சேலைக்கு அடியில் கையை விட்டு ஒரு போட்டோவை எடுத்துவந்தார். கலியாணம் பேசின காலத்தில் பெண் வீட்டுக்கு அனுப்பிய போட்டோ. அரும்பு மீசை, எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை, கண்ணில் ஒரு குறும்பு. முறைப்பு என்பது மருந்துக்கும் இல்லை.

"இது ஆர் மாமி?"

"ஆரெண்டோ? உன்ரை மாமாதான்."

தயாளினி போட்டோவை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்தாள்.

"இதிலை அவருக்கு என்ன வேசம்?" என்று மாமி வழக்கம் போலக் கேட்டார்.

"மகன் வேசம், மாமி."

"ஆற்றை மகன்?"

"என்ரை."

மாமி போட்டோவைப் பார்த்தார். மருமகளைப் பார்த்தார். அந்தக் கிழவிக்குத் தோள் குலுங்கத் தொடங்கியது. "கொண்டு போ, பிள்ளை, கொண்டு போ. ஊரெல்லாம் ஏசின மனுசன். உன்னட்டை ஒருக்கா ஏச்சு வாங்கட்டும்." பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அந்த நாளிலை கப்பலேறிப் போகோணுமெண்டு நிண்டவர். தகப்பன் விடேல்லை. பாரிசுக்கும் கூட்டிக்கொண்டு போ. கைப்பைக்குள்ளை தலைகீழா வைச்சிடாதை, அவருக்குத் தலை சுத்தும்."

கோபிசங்கர் அந்தக் கறுப்பு வெள்ளைக்குக் கொம்பியூட்டரில் நிறம் கொடுத்து, தலைமயிரையும் இந்தக் காலத்துக்கு ஏற்றபடி கொஞ்சம் கலைத்துவிட்டான். நீலச் சேட்டு அவர் போட்டதே இல்லை என்று மாமி சண்டை பிடித்ததில் அதைப் பச்சையாக்கினான். மறுநாள் காலையில் பெரிய மாலையோடு பரமலிங்கத்தார் அளவெட்டிச் சுவரில் ஏறினார். அவர் முன்னால் இருந்து தயாளினி அழுதாள். அன்றைக்கு வெங்காயம் தேவைப்படவில்லை. அந்த இளம் முகத்தில் தன் புருசனின் முகமும் கிடந்தது, கப்பலேறாத ஒரு பெடியனும் இருந்தான். கண்ணீர் தானாக வந்தது. மத்தியானம் மற்ற நடிகையும் வந்து நடித்தாள். பாவம், நன்றாகத்தான் நடித்தாளாம். ஆனால் வேசம் தயாளினிக்கு.

மாரி முடிந்ததும் பாரிசுக்குப் போனாள். குளிரென்றால் எலும்புக்குள் போகிற குளிர். நிலத்துக்குக் கீழே ரயில், அதற்கு இறங்க ஓடுகிற படி. இத்தனை காலம் காத்திருந்த இடம். கமரா தயார். படியில் காலை வைத்தாள்.

சிரிப்பு வரவில்லை.

திரும்பவும் ஏறினாள். "ஹி ஹி" என்று இருமல் போல ஒன்று வந்தது. இன்னொரு தரம், அதுவும் சரியில்லை. மரியான் பொறுமையாக நின்றாள், ஆனால் ஸ்டேசன்காரர் கொடுத்த நேரம் முடிந்துகொண்டிருந்தது. அழ வெங்காயம் இருந்தது. சிரிக்க என்ன இருக்கிறது? சந்தையில் அவள் சிரிக்க வேண்டுமென்று ஒரு நாளும் சிரித்ததில்லையே. அது தானாக வருகிற ஒன்று.

தயாளினி கைப்பையைத் திறந்தாள். அரும்பு மீசைக்காரர் நேராகத்தான் இருந்தார். "வந்திட்டியள் மாமா, ஒருக்காப் பாருங்கோ" என்று மெல்லச் சொல்லி, படியைக் காட்டினாள். காட்டினதும் அவள் மனதில் வந்து நின்றது அந்த இளம் பெடியன் இல்லை. பழைய பரமலிங்கத்தார்தான் வந்து நின்றார். மடித்துக் கட்டிய வேட்டியோடு, கக்கத்தில் குடையோடு, படிக்கு முன்னால் நின்று கையை நீட்டி ஏசினார்: "நில்லடா! ஆரைக் கேட்டு ஓடுறாய்?"

கமரா ஓடிக்கொண்டிருந்தது. தயாளினி படியில் காலை வைத்தாள். சிரிப்பு வயிற்றிலிருந்து கிளம்பி, அந்தச் சுரங்கம் முழுக்க மோதி, மேலே தெருவுக்குப் போயிற்று. எதிர்ப்பக்கப் படியில் மேலே வந்துகொண்டிருந்த, அவளை யாரென்றே தெரியாத பிரான்சுக்காரரும் சிரித்தார்கள். அவர்களும் இப்போது படத்தில் இருக்கிறார்கள்.

படம் பல நாடுகளில் ஓடிவிட்டு யாழ்ப்பாணத்துக்கும் வந்தது. முன்வரிசையில் கனகாம்பிகை மாமியை இருத்தினார்கள். சுவரில் பச்சைச் சேட்டோடு புருசன் தெரிந்தபோது மாமி சேலையைச் சரிசெய்துகொண்டார். கடைசியில் தயாளினி சிரிக்க, அரங்கமே சேர்ந்து சிரித்தது. மாமி பக்கத்தில் இருந்த மருமகளின் காதுக்குள் சொன்னார்:

"அவர் மட்டும் அந்தப் படியைக் கண்டிருந்தால், ஆரைக் கேட்டு ஓடுறாய் எண்டு அதையும் ஏசியிருப்பார்."

தயாளினி மாமியின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். தான் எதை நினைத்துச் சிரித்தாள் என்று அவள் யாருக்கும் சொன்னதில்லை.

இப்போதும் அவள் விடிய லான்ட்மாஸ்ரரில்தான் கொடிகாமம் போகிறாள். அண்மையில் ஒரு நாள், முருங்கைக்காய்க் கட்டை அவிழ்த்துக்கொண்டிருந்தபோது தனுஷாவின் போன் வந்தது. லண்டனில் ஒரு தொடராம். சாமான் கடை நடத்துகிற ஒரு பொல்லாத அன்ரியாம். தொடக்கம் முதல் முடிவு வரைக்கும் பகிடியாம்.

"அழுகிறது இல்லையோ?"

"ஒரு சொட்டும் இல்லை அன்ரி."

"கதையிலை செத்தவை ஆரும் இருக்கினமோ?"

"ஐயோ இல்லை. இது சிரிப்புக் கதை."

தயாளினி முருங்கைக்காய்க் கட்டைக் கீழே வைத்தாள். மாமி கேட்கப் போகிற கேள்வி அவளுக்குத் தெரியும்.

"அப்ப ஒண்டு செய், பிள்ளை. அந்தக் கடைச் சுவரிலை, ஒரு மூலையிலை எண்டாலும், மாலை போடாமல் மாமாவின்ரை போட்டோ ஒண்டு மாட்டலாமோ எண்டு கேட்டுச் சொல்லு. அவருக்கும் ஒருக்கா உயிரோடை இருக்கிற ஆளா நடிக்க ஆசை இருக்குந்தானே."

சொல்லிவிட்டுச் சிரித்தாள். தெருவில் பஸ்ஸுக்கு நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.